நைனாவின் கட்டில்

கட்டிலில் வேறொரு ஆள் படுத்துப் படுத்து விழுந்த பள்ளம் இருந்தது. சவுரிமுத்து சாய்ந்ததும் அது அவனை வாங்கிக்கொண்டது. இடது தோள் இறங்கிய உடம்பு அவனுடையது. பட்டறை பட்டறையாக ஆங்கிள் இரும்பு சுமந்து கடைசியில் திருமுடிவாக்கம் பட்டறையில் வந்து நின்ற உடம்பு. மெத்தையும் இடது தோள் பக்கம்தான் கூடுதலாக அமுங்கியிருந்தது. இடுப்பு எங்கே இறங்க வேண்டுமோ அங்கே இறங்கியது. குதிகால் இரண்டுக்கும் குழி தயாராக இருந்தது. அது அவனுக்குப் பிடிக்கவில்லை. இரும்பில்கூட முதல் தடவையே எதுவும் இப்படிப் பொருந்தாது. அரம் போட்டு ராவணும், தட்டணும், மறுபடி ராவணும்.

"இன்னாடா, சரியா கீதா?" என்றான் தனக்கோடி.

"கீதுண்ணா."

தனக்கோடி அவனைவிட இரண்டு வயசு சின்னவன். இருந்தாலும் அண்ணாதான். இரும்புலியூரில் அந்த வீட்டு ஆண்களைக் குடிசைக்காரர்கள் வேறு எப்படியும் கூப்பிட்டதில்லை. இரண்டு பேருக்கும் அப்பன் ஒருத்தன் என்பதும் ஊருக்குத் தெரியும். முனிரத்தினம் தாலி கட்டியவளுக்குப் பிறந்தவர்கள் தனக்கோடியும் தங்கச்சி பேபியும். முனிரத்தினத்தின் கழனியில் நாற்று நட வந்த ஞானம்மாள் வயிற்றில் பிறந்தவன் சவுரி. பள்ளிக்கூடத்தில் அப்பா பேர் கேட்டபோது ஞானம்மாள் வாயே திறக்கவில்லை. ஆனால் மூஞ்சியை எங்கே கொண்டுபோய் மறைப்பது? பட்டறையில் அவன் பேர் ஜெராக்ஸ். "டேய் ஜெராக்ஸு, உங்க ஒரிஜினல் ரோட்ல போவுது, போய் ஒட்டிக்கோ" என்பார்கள். அவனும் சேர்ந்து சிரிப்பான். சிரிக்காமல் என்ன செய்வது.

அந்த மூஞ்சிக்காகத்தான் இப்போது கூப்பிட்டிருந்தார்கள்.

முந்தின நாள் தனக்கோடி குடிசைக்கே வந்தான். ஞானம்மாள் தண்ணி லாரிக்குக் குடத்தோடு போயிருந்த நேரம். நைனா ஆஸ்பத்திரியில் நினைவில்லாமல் கிடக்கிறார் என்றான். ரோட்டோரக் கடைகளையும் வீட்டையும் தன் பேருக்கு எழுதி வைக்க எல்லாம் முடிந்திருந்தது, ரிஜிஸ்டரார் வீட்டுக்கே வந்து கைநாட்டு வாங்கப் போகிறார், இப்போது பார்த்து ஆள் விழுந்துவிட்டார் என்றான். பெண்களுக்கும் சொத்தில் பங்கு என்று சட்டம் வந்த அடுத்த வருஷம் கல்யாணமானவள் பேபி. மறைமலை நகரில் இருக்கிறாள். அவள் வீட்டுக்காரன் வக்கீலைப் பார்த்துவிட்டான்.

"நீ ஒரு வேளை நைனாவா படுத்துக்கோ. உங்க குடிசை எடத்த உன் பேருக்கு எழுதிடறேன்."

"மாட்டேன்னா?"

"அதையும் பிளாட்டு போட்டு வித்துடுவேன். உங்கம்மாவ இட்டுனு எங்கனா போயிக்கோ."

ஞானம்மாள் நாற்பது வருஷமாகப் பெருக்கித் தெளிக்கும் வாசல் அது. அவள் வேறு எங்கே போவாள்? சவுரி அவளிடம் மறைமலை நகரில் ஷெட் போடும் வேலை, வர ரெண்டு மூணு நாளாகும் என்று சொல்லிவிட்டுக் கிளம்பினான்.

முனிரத்தினத்துக்குப் பக்கவாதம் வந்த பிறகு மாசாமாசம் மொட்டை போட்டுவிடுவது வழக்கம். அதனால் முதலில் மொட்டை. சலூன்காரனைக் கூப்பிடவில்லை. தனக்கோடியே கிணற்றடியில் அவனை உட்காரவைத்து, பிளேடைப் பாதியாக உடைத்து, தலையை நனைத்துச் சிரைத்தான். மீசையையும் எடுத்தான். அவன் பெண்டாட்டி சுந்தரவல்லி கதவருகே நின்று பார்த்துக்கொண்டிருந்தாள்.

"உங்களுக்கு அடிக்க வேண்டிய மொட்ட. அவனுக்கு அடிச்சிக்கினு கீறீங்க" என்றாள்.

"வாயை மூட்றி."

அவள் சொன்னது சவுரிக்கு விளங்கவில்லை. தலையில் காற்றுப் பட்டு ஜில்லென்றிருந்தது. கண்ணாடியில் பார்த்தபோது அவனுக்கே ஒரு நிமிஷம் எழுந்து நின்று கும்பிடத் தோன்றியது.

தாடியில் முள்முள்ளாக வெள்ளை இருந்ததை அப்படியே விட்டார்கள். நெற்றி நிறைய விபூதி பூசினார்கள். பத்திரம் எழுதும் யக்ஞநாராயணன் வந்து, மூக்குக் கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு, மேலும் கீழும் பார்த்தார்.

"உனக்கு என்ன வயசு?"

"நாப்பத்தி நாலு சார்."

"எழுபது ஆக்கறது கஷ்டம்னு நெனைச்சேன். வேலையே இல்லை போ."

அதில் ஆச்சரியப்பட ஒன்றுமில்லை. நாற்பத்தி நாலு வயசு கூலிக்காரனையும் எழுபது வயசு நிலக்காரனையும் பக்கத்தில் பக்கத்தில் படுக்கவைத்தால் வித்தியாசம் சொல்வது கஷ்டம்தான். ஒருத்தன் தின்ற வெயிலை இன்னொருத்தன் தின்பதில்லை.

"நான் இன்னா சார் பண்ணணும்?"

"ஒண்ணும் பண்ணப்படாது. மூச்சு விடு. அது போதும். இடது கையை மட்டும் அசைச்சிடாதே, அது பெரியவருக்கு விழுந்துபோன கை."

ஜன்னல்களைச் சாத்திவிட்டுப் போனார்கள். வெளியே மே மாசத்து மத்தியான வெயில் கொளுத்திக்கொண்டிருக்க, இங்கே சாத்திய பலகைகளின் இடுக்கில் மட்டும் வெளிச்சம் கத்திபோல் நீட்டிக்கொண்டு நின்றது. டவுசர் சட்டையெல்லாம் தனக்கோடி எடுத்துப் போய்விட்டான். முனிரத்தினத்தின் வேட்டியும் முண்டா பனியனும்தான் மேலே. பனியனில் அந்த ஆளின் வேர்வை, தைலம், மூத்திரம். அதற்கும் மேலே பினாயில் நெடி. அதற்கும் அடியில், அடக்கி அடக்கி வந்துகொண்டிருந்தது ஒரு மரத்தூள் வாசனை. வீட்டில் தச்சு வேலை எதுவும் நடக்கவில்லை. மரத்தூள் எதற்கு?

கட்டிலுக்குக் கால்மாட்டில் உள்ளறைக் கதவு. பூட்டியிருந்தது. தூரத்தில் தாம்பரம் ஸ்டேஷனில் எலெக்ட்ரிக் ரயில் வந்து நின்று கிளம்பும் இரைச்சல், ஏர்ஃபோர்ஸ் பயிற்சி விமானம் தலைக்கு மேல் அறுத்துக்கொண்டு போகும் சத்தம், இவையெல்லாம் அடங்கும் இடைவெளியில் அந்தக் கதவுக்குப் பின்னால் ஏதோ சொட்டியது. சொட்டு. கொஞ்சம் கழித்து இன்னொரு சொட்டு. நடுவில் ஒரு தடவை, விரலில் நெட்டி முறித்த மாதிரி, சடக்.

தலையைத் தூக்கிப் பார்த்தான். கதவுக்குக் கீழே தரை நனைந்திருந்தது. தண்ணீர் மெல்ல ஊர்ந்து வந்து சிமெண்டுத் தரையின் வெடிப்பில் இறங்கிக்கொண்டிருந்தது. கிணறெல்லாம் வற்றி, ஒரு குடத்துக்குப் பொம்பளைகள் மயிரைப் பிடித்துச் சண்டை போடும் மாசத்தில், யாரும் துடைக்காத தண்ணீர்.

யாரிடம் கேட்பது? மூச்சு மட்டும்தான் விடவேண்டும்.

ரிஜிஸ்டரார் நல்ல மனுஷர். செருப்பை வெளியே விட்டுவிட்டு வந்து கட்டிலுக்குப் பக்கத்தில் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டார். கூட வந்த உதவியாளர் மைப் பெட்டியை வெளியே எடுத்தார். சாட்சிக்கு இரண்டு பேர் சுவரோரம் நின்றார்கள்.

"பெரியவரே, இது நீங்க மனசார எழுதிக் குடுக்கறதுதானே? யாரும் வற்புறுத்தலையே?"

சவுரி மூச்சு மட்டும் விட்டான். தனக்கோடி குனிந்து அவன் காதருகே வாயை வைத்தான்.

"நைனா. சார் கேக்கறாரு பாரு நைனா."

அந்த வீட்டிலிருந்து ஒருத்தன் அவனை உறவு சொல்லிக் கூப்பிட்டது அதுதான் முதல் தடவை. கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. ரிஜிஸ்டரார் அதைப் பார்த்து உச்சுக் கொட்டினார். சவுரி தலையை ஆட்டினான். அப்பன் சொத்தில் ஒரு பிடிகூடத் தனக்கு இல்லை என்பதற்கு அப்பனாக இருந்து தானே தலையாட்டினான்.

உதவியாளர் அவன் இடது கையைத் தூக்கினார். பெருவிரலில் மையை உருட்டினார். காகிதத்தில் அழுத்தினார். மறுபடி. மறுபடி. பிறகு ஒரு துணியால் துடைத்து, கையை மெத்தையில் வைத்தார்.

"ஜன்னலைத் தொறந்து வைங்கம்மா. காத்து வரட்டும்" என்று சுந்தரவல்லியிடம் சொல்லிவிட்டு ரிஜிஸ்டரார் எழுந்தார்.

யாரும் திறக்கவில்லை. எல்லாரும் வாசல் பக்கம் வழியனுப்பப் போனார்கள். முடிந்தது என்று சவுரி எழுந்தான். வலது கை மெத்தையை ஊன்றியது. இடது கை வரவில்லை. அதன்மேல் படுத்துவிட்டோம் போலிருக்கிறது, மரத்துவிட்டது என்று உதறினான். தோளிலிருந்து அது ஒரு நனைந்த சாக்குபோல் தொங்கியது. கிள்ளிப் பார்த்தான். யாரையோ கிள்ளிய மாதிரி இருந்தது.

அப்போதுதான் சுந்தரவல்லி கொல்லைப்பக்கமிருந்து சாக்கில் சுற்றிய எதையோ இரண்டு கையாலும் அணைத்துத் தூக்கிக்கொண்டு வந்தாள். உள்ளறைப் பூட்டைத் திறந்தாள். அவன் நின்றுகொண்டிருப்பதைப் பார்க்கவில்லை. சாக்கிலிருந்து மரத்தூள் உதிர்ந்தது. ஐஸ் பார்.

திறந்த கதவு வழியே சவுரி பார்த்தான்.

பெஞ்சின்மேல் ஐஸ் பார்களுக்கு நடுவில் முனிரத்தினம் கிடந்தார். தாடையை மேலே இழுத்து வெள்ளைத் துணி கட்டியிருந்தது. கால் கட்டைவிரல் இரண்டையும் சேர்த்துக் கட்டியிருந்தது. உடம்பெல்லாம் மரத்தூள் ஒட்டியிருந்தது. இடது கை பெஞ்சிலிருந்து நழுவித் தொங்கிக்கொண்டிருந்தது. அதன் விரல் நுனியிலிருந்துதான் தண்ணீர் சொட்டியது.

அந்தப் பெருவிரலில் மை இருந்தது. ஈரமான, புது மை. சொட்டு நீலமாக விழுந்தது.

சவுரி தன் விரலைத் தூக்கிப் பார்த்தான். வலது கையால்தான் தூக்கிப் பார்க்க முடிந்தது. சுத்தமாக இருந்தது. ஓட்டுப் போட்ட மை மாதிரி, பத்திர மையும் ஒரு துடைப்பில் போகாது. நகக்கண்ணில்கூட ஒரு பொட்டு இல்லை.

"எப்போ?" என்றான்.

சுந்தரவல்லி அலறவில்லை. திரும்பி அவனைப் பார்த்தாள். பிறகு அவன் தலையை, மொட்டையைப் பார்த்தாள்.

"சனிக்கிழம. கைநாட்டு வாங்கறதுக்கு முந்தியே பூட்டாரு."

தனக்கோடி உள்ளே வந்து கதவைச் சாத்தினான்.

"ஆஸ்பத்திரின்னு சொன்னியே அண்ணா."

"சொல்லியிருந்தா வந்திருப்பியாடா நீ?"

"என் துணியக் குடு. நான் போறேன்."

"எங்க போவ? கூடத்துல அத்தை வந்து குந்திக்கினு கீது. பேபி வந்துகினே கீறா. ரிஜிஸ்டரார் ஜீப்பு வந்தத பாத்துட்டு ஊரே கெளம்பிடுச்சு." தனக்கோடியின் மேலுதட்டில் வேர்வை நின்றது. "இது கொஞ்ச நேரந்தான்டா. பேபி தன் கண்ணால நைனா மூச்சு விடறத பாக்கணும். எழுதும்போது உசுரோட இருந்தாருன்னு ஊரு சொல்லணும். எல்லாரும் படுத்தப்புறம் மாத்திடலாம். நீ பின்னால செவுரு ஏறிப் பூடு. காலைல வந்து உன் எடத்துக்குப் பத்திரம் வாங்கிக்கோ."

"கை வரலண்ணா."

"இன்னா?"

"இந்தக் கை. தூக்க வரல."

தனக்கோடி கையைப் பார்த்தான். சுந்தரவல்லியைப் பார்த்தான்.

"நடிக்கிறியாடா?"

"சத்தியமா."

"நல்லதாப் போச்சு. அப்படியே இரு."

சுந்தரவல்லி கஞ்சி கொண்டுவந்து கொடுத்தாள். காலையிலிருந்து ஒன்றும் தின்னாத வயிறு. குடித்தான். அடியில் கசந்தது. மாத்திரையை நுணுக்கிப் போட்டால் அப்படிக் கசக்கும். இருமாமல், புரளாமல் இருக்கட்டும் என்று போட்டிருப்பாள். பிறகு அதைப் பற்றி அவன் நிறைய யோசித்தான். கஞ்சிக்கு முன்னாலேயே கை போய்விட்டதே, அது எந்தக் கணக்கு என்று யோசித்தான்.

பள்ளம் மறுபடி அவனை வாங்கிக்கொண்டது. இந்தத் தடவை இன்னும் கொஞ்சம் ஆழமாக.

ஜனங்கள் வந்தார்கள். வரிசையாகக் குனிந்தார்கள். வெற்றிலை நாறும் வாய்கள், மல்லிப்பூ, பஸ் புழுதி, குழந்தைகளின் மூத்திரத் துணி. அரைக்கண்ணில் அவனுக்குத் தாடைகளும் தாலிக்கொடிகளும் மட்டும் தெரிந்தன. முனிரத்தினத்தின் அக்கா முனியம்மா தலைமாட்டில் உட்கார்ந்து, வருகிறவர்கள் கையில் ஆளுக்கொரு கரண்டி பால் கொடுத்து அவன் வாயில் விடச் சொன்னாள். சாகப்போகிறவனுக்கு உறவுகள் விடவேண்டிய பால். உதட்டோரம் வழிந்த பாலைச் சுந்தரவல்லி முந்தானையால் ஒற்றி, "மாமா, முழுங்குங்க மாமா" என்று அழுதாள். நிஜமாகவே கண்ணீர் வந்தது அவளுக்கு.

பேபி வந்ததும் கட்டிலில் தலையை வைத்து விம்மினாள். நல்ல பெண்போலத்தான் இருந்தாள். இவளிடம் சொல்லிவிடலாம் என்று சவுரிக்குத் தோன்றியது. ஜெயிலுக்குப் போனாலும் சரி. குடிசை போனாலும் சரி. ரெயில்வே பாலத்துக்குக் கீழே அம்மாவோடு கிடந்தாலும் சரி. நான் உங்க நைனா இல்லம்மா, நான் சவுரி, அவர் உள்ள ஐஸ்ல கீறாரு. இவ்வளவுதான் சொல்ல வேண்டும்.

வாயைத் திறந்தான். நாக்கு இடது பக்கமாகச் சரிந்தது.

"ஆ... ப்... ஆ..."

அது அவன் குரல் இல்லை. பக்கவாதம் வந்த பிறகு முனிரத்தினம் வாசலில் உட்கார்ந்து போகிற வருகிறவர்களைக் கூப்பிடும் சத்தம் அது. அந்தத் தெருவில் எல்லாருக்கும் தெரிந்த சத்தம். சவுரிக்கும் தெரியும், சைக்கிளில் போகும்போதெல்லாம் அந்தச் சத்தத்தைக் கேட்டு, கேளாததுபோல் தாண்டியிருக்கிறான்.

"கூப்புடறாரு! நைனா என்னைத்தான் கூப்புடறாரு!" பேபி அவன் கையைப் பிடித்து முகத்தில் வைத்துக்கொண்டாள். இடது கையை.

கதவருகில் தனக்கோடி நின்றிருந்தான். அவனுடைய முகம் வெளுத்துவிட்டது. அவனும் அந்தக் குரலைக் கேட்டான்.

அன்றைக்கு யாரும் வீட்டுக்குப் போகவில்லை. பேபி கட்டில் காலைப் பிடித்துக்கொண்டே படுத்தாள். அத்தை தலைமாட்டை விட்டு நகரவில்லை. மாற்ற வழியில்லை. மறுநாளும் அப்படியே. ஐஸ் சாக்கைக் கூட்டத்துக்கு நடுவே எடுத்து வர முடியாமல் சுந்தரவல்லி தவித்தாள். உள்ளறைக்குள் சொட்டும் சத்தம் வேகமாகியது. பிறகு நின்றுவிட்டது. அதற்குப் பிறகு ஊதுவத்தி கட்டுக்கட்டாகக் கொளுத்தினார்கள். கொசு என்றான் தனக்கோடி. எலி செத்துக் கிடக்கு என்றான். ஊதுவத்திக்கு அடியிலிருந்து அந்த இனிப்பான நாற்றம் வந்துகொண்டே இருந்தது.

"தம்பிக்கு ஒடம்பு உள்ளுக்குள்ளயே அழுக ஆரம்பிச்சிடுச்சு. உசுரு மட்டும் போவ மாட்டேங்குது" என்றாள் முனியம்மா.

நாற்றம் அவனிடமிருந்து வருகிறது என்று எல்லாரும் நம்பினார்கள். இரண்டாம் நாள் சாயங்காலம் அவனும் முகர்ந்து பார்த்தான். அவனுக்கும் சந்தேகம் வந்தது.

இடது கால் போயிருந்தது.

"மண்ணாசைடி" என்றாள் முனியம்மா, பேபியிடம். "கழனி கழனின்னு கெடந்தவன். அதான் இழுத்துக்கினு கெடக்குது. அவன் மண்ண ஒரு பிடி கரைச்சு வாயில ஊத்துனா நிம்மதியாப் பூடுவான். எங்க நைனாவுக்கும் அப்படித்தான் ஊத்துனோம்."

சவுரி கண்ணைத் திறந்தான். திறந்ததாக நினைத்தான்.

"மண்ணுக்கு எங்க அத்தை போறது?" என்றான் பேபியின் வீட்டுக்காரன். "எல்லாம் கடை கட்டியாச்சே. சிமெண்ட்டச் சொரண்டியா ஊத்துவ?" யாரோ அடக்கமாகச் சிரித்தார்கள்.

"பின்னாடி எடம்?"

"அது லாரில கொட்டுன கிராவலு. ஆந்திரா மண்ணோ எந்த மண்ணோ."

முனியம்மா வெற்றிலையை மென்று யோசித்தாள். "அந்த ஞானம்மா குடிசை போட்டுக்கினு கீறாளே, அது மட்டும் பழைய கழனி மண்ணு. அங்க தான் தம்பி மொதமொதல்ல ஏர் பூட்டுனான். அவளையே கொண்டாரச் சொல்லு."

"அவளையா? இந்த வூட்டுக்குள்ளயா?" என்றாள் பேபி.

"சாவுற நேரத்துல இன்னாடி? அவ எடுத்தாந்தா மண்ணாசையும் போவும், பொண்ணாசையும் போவும்."

எல்லாரும் தனக்கோடியைப் பார்த்தார்கள். வீட்டுக்கு ஒரே ஆம்பளைப் பிள்ளை அவன்தான் சொல்லவேண்டும். சவுரியும் அவனைத்தான் பார்த்தான். வேண்டாம்னு சொல்லு. எதையாவது சொல்லு. கண்ணாலேயே கத்தினான்.

தனக்கோடி உள்ளறைக் கதவைப் பார்த்தான். ஊதுவத்திப் புகையைப் பார்த்தான். கட்டிலைப் பார்த்தான். நிதானமாக, பட்டறையில் இரண்டு துண்டு இரும்பில் எதை வைத்துக்கொண்டு எதைக் காயலான் கடைக்குப் போடலாம் என்று பார்ப்பதுபோல் பார்த்தான். சுடுகாட்டுக்கு இந்த வீட்டிலிருந்து ஒரு பாடை போனால் போதும். மேலே கிடப்பது யார் என்று எவனும் கேட்கப்போவதில்லை. இன்னொன்றைப் புதைத்து மேலே ஒரு சிமெண்டு தளம் போட்டுவிட்டால் தீர்ந்தது.

"அத்தை சொல்றதுதான் சரி" என்றான். "நைனா கஷ்டப்படறத பாக்க முடியல."

கரண்ட் போயிற்று. யாரோ அரிக்கேன் விளக்கை ஏற்றிக் கால்மாட்டில் வைத்தார்கள்.

சவுரி உடம்பு முழுக்கத் தேடினான். அசைகிற இடம் ஏதாவது உண்டா. வலது கை. வலது கை இருந்தது. சுந்தரவல்லி அதைப் புடைவைக் கிழிசலால் கட்டில் சட்டத்தோடு கட்டியிருந்தாள். "பிராண்டிக்கறாரு" என்று எல்லாரிடமும் சொல்லியிருந்தாள். இழுத்தான். முடிச்சு இறுகியது. கால். வரவில்லை. கழுத்து. வரவில்லை. கண். கண் மட்டும்.

வாசலில் சலசலப்பு. வெறுங்கால் நடை. அவனுக்குத் தெரிந்த நடை. வலது காலைக் கொஞ்சம் இழுத்து வைப்பாள்.

நாற்பது வருஷத்தில் முன்வாசல் வழியாக அவள் உள்ளே வந்தது இன்றைக்குத்தான். முந்தானையைக் கூட்டிப் பிடித்திருந்தாள். உள்ளே மண்.

"வா ஞானம்மா. இன்னிக்கு உன்னத் தடுக்க யாருமில்ல" என்றாள் முனியம்மா.

லோட்டாவில் தண்ணீர். மண் விழும் சத்தம். விரல் விட்டுக் கலக்கும் சத்தம். கரண்டிக்கு வாய் திறக்காது என்று முனியம்மா ஒரு சங்கைக் கொடுத்தாள், குழந்தைக்குப் பால் புகட்டும் சங்கு.

அம்மா.

"ஆ... ப்..."

"ஐயா" என்றாள் ஞானம்மாள். குனிந்தாள். விளக்கு அவளுக்குப் பின்னால் இருந்தது. அவள் முகம் இருட்டு. அவன் முகத்தில் வெளிச்சம். மொட்டை, விபூதி, வெள்ளை முள்தாடி, ஒரு பக்கம் கோணிய வாய். பார்த்தாள். நன்றாகப் பார்த்தாள். சவுரி கண்ணை அகலமாகத் திறந்தான். நான்தாம்மா. பாரும்மா. என்னப் பாரும்மா.

அவள் முகத்தை அவன் காதோடு வைத்தாள். அடுப்புக்கரி வாசனை, அம்மாவின் வாசனை. யாருக்கும் கேட்காத குரலில் பேசினாள்.

"போயிடுங்க ஐயா. சவுரி மறைமலை நகருக்கு வேலைக்குப் போயிக்கிறான். அவன் திரும்பி வர்றதுக்குள்ள நீங்க போயிட்டா, எங்க எடத்த அவன் பேருக்கு எழுதிடறேன்னு சின்னவரு சொல்லிட்டாரு. உங்க மூஞ்சியத் தவிர அவனுக்கு நீங்க எதுவும் குடுக்கல. இத்த மட்டும் செஞ்சிட்டுப் போயிடுங்க."

சங்கு உதட்டைப் பிளந்தது.

அந்த மண் அவனுக்குத் தெரியும். சாம்பல். கோழிப் பீ. பாத்திரம் கழுவிய தண்ணி. மழையில் நாறுகிற களி. அவன் தவழ்ந்த வாசல். நாக்கின்மேல் வந்து உட்கார்ந்தது. பின்னால் நகர்ந்தது. தொண்டையை அடைத்தது.

விழுங்கக்கூடாது. விழுங்கக்கூடாது.

மூக்கில் ஏறியது. மார்பு எழும்பியது. கட்டில் ஆடியது.

"புடிங்கடா காலை" என்றாள் முனியம்மா.

பிடித்தார்கள். தனக்கோடி தலையைப் பிடித்தான்.

ஞானம்மாள் அவன் தொண்டையில் கையை வைத்தாள். காய்ச்சுப்போன உள்ளங்கை. தாடைக்குக் கீழிருந்து மெதுவாக, கீழ்நோக்கி, நீவினாள். விளக்கெண்ணெய் குடிக்க மறுக்கும் குழந்தைக்குத் தாய்மார்கள் அப்படித்தான் நீவுவார்கள். நீவினால் இறங்கிவிடும்.

இறங்கியது.

"போவுது, போவுது" என்றாள் முனியம்மா.

ஞானம்மாள் முகம் மலர்ந்தது. அவன் கன்னத்தில் வழிந்த மண்ணை விரலால் வழித்து, அதையும் உள்ளே தள்ளினாள். பிறகு லோட்டாவைச் சாய்த்து, அடியில் தங்கிய கெட்டியான மண்ணைச் சங்கில் நிரப்பிக்கொண்டாள்.